ராபி முல்லரின் வெளிச்சத்தை எப்படி ரசிப்பது?

ஹூஸ்டன் நகரத்தில் ஒரு கேளிக்கை விடுதி. அதன் சின்னச் சின்ன அறைகள் ஒவ்வொன்றும் நடுவில் ஒரு கண்ணாடியால் இரண்டாகத் தடுக்கப்பட்டிருக்கின்றன. ஒரு பக்கம் இருட்டு. அங்கே காசு கொடுத்து வந்த ஆண், கையில் தொலைபேசியோடு உட்கார்ந்திருப்பான். மறுபக்கம் வெளிச்சம், அங்கே ஒரு பெண். அவனுக்கு அவள் தெரிவாள். அவளுக்குத் தெரிவதெல்லாம் கண்ணாடியில் விழும் தன் முகம்தான். விம் வெண்டர்ஸ் இயக்கிய 'பாரிஸ், டெக்சாஸ்' (1984) படத்தில், நான்கு வருடங்கள் காணாமல் போயிருந்த ட்ராவிஸ், பிரிந்துபோன மனைவி ஜேனைத் தேடி வந்து உட்காருவது இந்த இருட்டில்தான்.

அந்தக் கண்ணாடியில் மாயம் எதுவும் இல்லை. வெளிச்சமான பக்கத்தில் இருப்பவருக்கு அது முகம் பார்க்கும் கண்ணாடி. இருட்டில் இருப்பவருக்கு ஜன்னல். இரண்டு பக்கத்து வெளிச்சத்தையும் மாற்றிவிட்டால், யார் யாரைப் பார்க்கலாம் என்பதும் தலைகீழாகிவிடும். படத்தின் உச்சமே அந்த மாற்றம்தான். ஜேன் தன் அறை விளக்கை அணைக்கிறாள். ட்ராவிஸ் மேசை விளக்கைத் தன் முகத்துக்கு நேராகத் திருப்புகிறான். அவள் அவனைப் பார்க்கிறாள். அதே காட்சியில் ஓரிடத்தில், கண்ணாடியில் விழுந்த அவன் முகத்தின் பிம்பம் அவள் முகத்தின்மேல் சரியாகப் பொருந்தி நிற்கிறது; அவளுடைய பொன்னிறக் கூந்தலுக்கு நடுவே அவனுடைய ஒட்டிய கன்னமும் களைத்த கண்களும்.

இந்தக் காட்சியை முதல் தடவை கதைக்காகப் பாருங்கள். ஹாரி டீன் ஸ்டான்டனும் நஸ்தாஸியா கின்ஸ்கியும் நடிக்கும்போது வேறு எதையும் பார்க்கத் தோன்றாது, அது நியாயமும்கூட. இரண்டாம் தடவை ஒலியை நிறுத்திவிட்டு, எந்த விளக்கு எரிகிறது, எது அணைகிறது என்பதை மட்டும் கவனியுங்கள். வசனம் இல்லாமலே கதை புரியும். ஒரு கணவனும் மனைவியும் ஒருவரையொருவர் பார்க்க முடியாமல் இருந்து, பிறகு பார்ப்பது வரைக்கும் நடக்கும் அத்தனையையும் இரண்டு விளக்குகள் சொல்லிவிடுகின்றன. இப்படி எடுத்தவர் டச்சு ஒளிப்பதிவாளர் ராபி முல்லர்.

முல்லர் பிறந்தது 1940-இல், கரீபியன் கடலில் டச்சு ஆட்சியின் கீழ் இருந்த குரசாவ் தீவில். சிறுவயதிலேயே நெதர்லாந்துக்கு வந்து, 1960-களின் தொடக்கத்தில் ஆம்ஸ்டர்டாம் திரைப்படக் கல்லூரியில் படித்தார். உதவியாளராக ஜெர்மனியில் வேலை பார்த்தபோது வெண்டர்ஸுடன் பழக்கம் ஏற்பட்டது. வெண்டர்ஸ் அப்போது மியூனிக்கில் திரைப்பட மாணவர். அவருடைய முதல் முழுநீளப் படமான 'சம்மர் இன் த சிட்டி' (1970) முல்லர் எடுத்ததுதான். அதிலிருந்து முப்பது வருடங்களுக்கு மேல் ஜார்முஷ், பொக்டனோவிச், ஃப்ரீட்கின், வைதா, லார்ஸ் வான் ட்ரையர், சாலி பாட்டர் என்று ஒருவருக்கொருவர் சம்பந்தமே இல்லாத இயக்குநர்கள் அவரைத் தேடி வந்தார்கள். 2018 ஜூலையில் ஆம்ஸ்டர்டாமில் காலமானார்.

அவருடைய பாணி என்ன என்று கேட்டால்தான் சிக்கல் தொடங்குகிறது. பெரும்பாலான பெரிய ஒளிப்பதிவாளர்களை ஒரு சட்டகத்தை வைத்தே அடையாளம் கண்டுவிடலாம். முல்லரிடம் அது நடக்காது. ஜார்முஷின் 'டெட் மேன்' 1995-இல் வந்தது: கறுப்பு வெள்ளை, அமைதியான சட்டகங்கள், வெள்ளி போல் மினுங்கும் சாம்பல் நிறங்கள். வான் ட்ரையரின் 'பிரேக்கிங் த வேவ்ஸ்' அடுத்த வருடம்: தோளில் தூக்கிய கேமரா, நடுங்கும் காட்சி, வெளுத்த நிறங்கள், சில நொடிகள் கலங்கிப் பிறகு தெளியும் முகங்கள். பெயரைப் பார்க்காமல் இரண்டையும் ஒரே ஆள் எடுத்தார் என்று யாரும் சொல்லமாட்டார்கள். நியூயார்க் திரைப்பட விமர்சகர் வட்டம் அந்த இரண்டு படங்களுக்கும் சேர்த்தே அவருக்கு விருது கொடுத்தது.

ஆகவே முல்லரை ரசிக்க விரும்புபவர் ஒரு தோற்றத்தைத் தேடிப் போகக் கூடாது. தேட வேண்டியது அவர் இடத்தோடு நடந்துகொள்ளும் விதத்தை. ஒரு இடத்துக்குப் போனதும் அங்கே ஏற்கெனவே என்ன வெளிச்சம் இருக்கிறது என்று பார்ப்பார். பெரும்பாலும் அதையே மதித்து வேலை செய்வார். எங்கும் ஒரே மாதிரி விளக்குக் கட்டுவதைவிட இது கஷ்டம். ஒவ்வொரு இடமும் புதிதாகப் பாடம் கேட்கும்.

இதைப் புரிந்துகொள்ள ட்யூப் லைட்டிலிருந்து தொடங்குவது நல்லது. ட்யூப் லைட் எரியும் அறைக்குள் நாம் நுழைந்தால் சுவர் வெள்ளையாகத்தான் தெரியும். மூளை நமக்குத் தெரியாமலே நிறத்தைத் திருத்திக்கொள்கிறது. ஃபிலிமுக்கு அந்தச் சாமர்த்தியம் கிடையாது. ஒரு வகைச் சுருள் பகல் வெளிச்சத்துக்கென்று தயாரிக்கப்பட்டிருக்கும். இன்னொரு வகை குண்டு பல்பின் மஞ்சள் வெளிச்சத்துக்கென்று. அந்தக் காலத்து ட்யூப் லைட் இரண்டிலும் சேராது. அதன் நிறமாலையில் பச்சை தூக்கலாக இருக்கும். ஃபிலிமில் அது அப்படியே பதிந்து, முகமெல்லாம் பாசி படிந்ததுபோல் ஆகிவிடும். அதனால் ஒளிப்பதிவாளர்கள் குழலைச் சுற்றி ஊதாச் சிவப்புத் தாள் கட்டுவார்கள், அல்லது லென்ஸுக்கு முன்னால் அதே நிற ஃபில்டர் போடுவார்கள், அல்லது லேபில் பிரிண்ட் எடுக்கும்போது பச்சையைக் குறைத்துவிடுவார்கள். பச்சை முகம் என்றால் வேலை தெரியாதவர் எடுத்தது என்று பொருள்.

முல்லர் அந்தப் பச்சையை விட்டுவைத்தார்.

வெண்டர்ஸின் 'தி அமெரிக்கன் ஃப்ரெண்ட்' (1977) படத்தில் டென்னிஸ் ஹாப்பர் பில்லியர்ட்ஸ் மேசைமேல் மல்லாந்து படுத்து, போலராய்ட் கேமராவால் தன்னைத் தானே படம் எடுத்துக்கொள்ளும் ஒரு காட்சி உண்டு. மேலே தொங்கும் விளக்கின் பச்சை அவர்மீது பொழிகிறது. எடுத்த படங்கள் ஒவ்வொன்றாக அவர்மேலேயே விழுகின்றன. அந்த மனிதன் எவ்வளவு தனியாக இருக்கிறான் என்பதை வசனமாக எழுதியிருந்தால் அசடு வழிந்திருக்கும். அந்த நிறம் அதைச் சொல்கிறது. நோய் பிடித்த அறை ஒன்றின் வெளிச்சம் அது.

'பாரிஸ், டெக்சாஸ்' இந்தப் பச்சையை இன்னும் தூரம் கொண்டுபோகிறது. பாலைவனத்தில் தொடங்குகிறது படம்: கடும் நீல வானம், அதன் கீழே சிவப்புத் தொப்பி போட்ட ஓர் ஆள் நடந்து போகிறான். அந்தச் சிவப்பைக் கண்ணில் வைத்துக்கொள்ளுங்கள். படம் முழுக்க அது இடம் மாறிக்கொண்டே இருக்கும். ட்ராவிஸும் அவன் மகனும் ஹூஸ்டனில் வங்கிக்கு வெளியே காத்திருக்கும்போது இருவர் உடம்பிலும் சிவப்பு. அவர்கள் துரத்தும் ஜேனின் காரும் சிவப்பு. இதில் ஆடைக்காரருக்கும் கலை இயக்குநருக்கும் சம பங்கு உண்டு. முல்லரின் பங்கு, அந்தச் சிவப்பைச் சுற்றிலும் இருக்கும் மற்ற நிறங்களை அடக்காமல் விட்டது. கடைசியில் மொட்டைமாடிக் கார் நிறுத்தத்தில் ட்ராவிஸ் நிற்கும்போது பாருங்கள்: அந்தி வானம் ஒரு நிறம், விளக்குகளின் பச்சை ஒரு நிறம். இரண்டும் ஒன்றையொன்று விழுங்காமல் பக்கத்தில் பக்கத்தில் இருக்கின்றன. வீட்டுக்குள்ளும் போக முடியாமல் ஊரைவிட்டும் போக முடியாமல் நிற்கும் ஆளுக்கு இதைவிடப் பொருத்தமான பின்னணி இல்லை.

இப்படிப் பல வெளிச்சங்கள் ஒரே சட்டகத்தில் மோதுவதைக் கண்டுகொள்ளக் கண்ணைப் பழக்க வேண்டும். இரவுக் காட்சி வந்தால் உடனே ஒரு கேள்வி கேட்டுப் பழகுங்கள்: இந்த முகத்தின் இடது பக்க வெளிச்சம் எங்கிருந்து வருகிறது, வலது பக்கம் எங்கிருந்து? முல்லரின் படங்களில் பதில் அநேகமாகச் சட்டகத்துக்குள்ளேயே கிடைக்கும். ஒரு நியான் பலகை, ஒரு தெரு விளக்கு, திறந்த குளிர்பதனப் பெட்டி, காரின் முகப்பு. அதே 1984-இல் வந்த 'ரெப்போ மேன்', அடுத்த வருடம் வந்த ஃப்ரீட்கினின் 'டு லிவ் அண்ட் டை இன் எல்.ஏ.', 1987-இல் 'பார்ஃப்ளை' என்று மூன்று படங்களுக்கு அவர் லாஸ் ஏஞ்சலஸில் இருந்திருக்கிறார். ஒரே ஊர், மூன்றிலும் வேறு ஊர். ஃப்ரீட்கின் படத்தில் புகை மண்டிய ஆரஞ்சு வானத்தின் கீழே கள்ளநோட்டுக்காரர்களும் போலீஸும் சூடாக அலைகிறார்கள். 'பார்ஃப்ளை'யில் பட்டப்பகலிலும் மதுக்கடைக்குள் இரவு மட்டுமே இருக்கிறது.

நிறத்தைப் பற்றி இவ்வளவு சொன்னாலும், முல்லரின் மேதைமை முழுக்கத் தெரிவது கறுப்பு வெள்ளையில்தான். இதை விவாதத்துக்கு இடமில்லாத உண்மையாகச் சொல்ல முடியாது. ஆனால் 'ஆலிஸ் இன் த சிட்டீஸ்' (1974), 'கிங்ஸ் ஆஃப் த ரோட்' (1976), 'டவுன் பை லா' (1986), 'டெட் மேன்' நான்கையும் பார்த்தவர்கள் மறுப்பது கடினம்.

'ஆலிஸ்' 16 மில்லிமீட்டர் ஃபிலிமில் எடுத்த சிறிய படம். கட்டுரை எழுத அமெரிக்கா போன ஒரு ஜெர்மன் பத்திரிகையாளன், எழுத வராமல் போலராய்ட் படங்களாக எடுத்துத் தள்ளுகிறான். எதிர்பாராமல் ஒரு சிறுமி அவன் பொறுப்பில் வந்து சேர்கிறாள். அவள் அவனை ஒரு போலராய்ட் எடுக்கிறாள். படம் மெல்ல மெல்லத் தெளியும்போது அதன் பளபளப்பான பரப்பில் அவளுடைய முகம் பிரதிபலித்து, அவன் முகத்தோடு கலக்கிறது. பத்து வருடம் கழித்து ஹூஸ்டன் விடுதிக் கண்ணாடியில் நடந்தது இதன் அடுத்த பிறவி. இந்த இரண்டு காட்சிகளையும் ஒரே மாலையில் அடுத்தடுத்துப் பார்ப்பது, முல்லரைப் பற்றிய எந்த நூலையும்விட அதிகம் சொல்லித்தரும். ஒரு பரப்பில் இரண்டு முகங்கள் சேர அவர் தேடியதெல்லாம் ஒரு பிரதிபலிப்பையும் அதற்குரிய வெளிச்ச அளவையும் மட்டுமே.

'கிங்ஸ் ஆஃப் த ரோட்' மேற்கு ஜெர்மனியின் கிழக்கெல்லை ஓரமாகவே, லூனபுர்கிலிருந்து ஹோஃப் வரை, 1975 கோடையிலும் இலையுதிர் காலத்திலும் எடுக்கப்பட்டது. முழுத் திரைக்கதை கையில் இல்லை. பாதை மட்டும்தான் முடிவாகியிருந்தது. சிற்றூர்த் திரையரங்குகளில் புரொஜெக்டர் பழுதுபார்க்கும் ஒருவன் லாரியில் போகிறான். இன்னொருவன் தன் ஃபோக்ஸ்வேகன் காரை நேராக எல்பே ஆற்றுக்குள் ஓட்டி, அது மூழ்குவதற்குள் ஏறி வெளியே வருகிறான். கிட்டத்தட்ட மூன்று மணி நேரம் நீளும் படம். இங்கே கவனிக்க வேண்டியது வானிலையை. வானம் மூடியிருந்தால் மூடிய வானத்தோடு, வெயில் அடித்தால் வெயிலோடு காட்சி நடக்கிறது. லாரியின் முன்கண்ணாடி வழியே தெரியும் சாலையும், அதே கண்ணாடியில் விழும் மரங்களின் பிம்பமும், உள்ளே இருப்பவர்களின் முகமும் ஒரே சட்டகத்தில் மூன்று அடுக்காக நிற்பதைத் தனியாகப் பாருங்கள். கார்க் காட்சி என்றால் திரைப்படக்காரர்கள் கண்ணாடியின் பிரதிபலிப்பை ஒழிக்கவே பாடுபடுவார்கள். முல்லருக்கு அது சாலையை முகத்தின்மேல் எழுதும் வழி.

ஜார்முஷுடன் சேர்ந்தபோது இந்தப் பொறுமைக்கு நகைச்சுவையும் கிடைத்தது. 'டவுன் பை லா' நியூ ஆர்லியன்ஸ் தெருக்களைப் பக்கவாட்டில் கடந்து போகும் கேமராவோடு தொடங்குகிறது: மர வீடுகள், கல்லறைகள், வெற்று முற்றங்கள். அதன்பின் மூன்று பேர் ஒரு சிறை அறைக்குள் மாட்டிக்கொள்கிறார்கள், கேமராவும் அடங்கிவிடுகிறது. அவர்களில் ஒருவராக நடிக்கும் ராபர்ட்டோ பெனினி கிளப்பிவிட்ட ஐஸ்கிரீம் கோஷத்தை மூவரும் கத்திக்கொண்டே வட்டமடிக்கும் காட்சியில், கேமரா யார் முகத்துக்கும் பாய்ந்து போகவில்லை. சிரிப்பு மூவரின் உடம்புகளுக்கும் இடையிலுள்ள தூரத்தில் இருக்கிறது. அருகில் போயிருந்தால் அந்தத் தூரம் அழிந்திருக்கும். முல்லரின் படங்களில் கேமரா எப்போது நகரவில்லை என்பதை எண்ணிப் பார்ப்பது, எப்போது நகர்ந்தது என்பதைவிடப் பயனுள்ள பயிற்சி.

'டெட் மேன்' பார்க்கும்போது சாம்பல் நிறங்களை எண்ணுங்கள். வில்லியம் பிளேக் என்ற கணக்கர் ரயிலில் மேற்கு நோக்கிப் போகிறான். தூங்கி விழித்துத் தூங்கி விழிக்கும் ஒவ்வொரு முறையும் திரை கறுப்பாகி மீள்கிறது, எதிரே உட்கார்ந்திருக்கும் பயணிகள் மாறிவிடுகிறார்கள், ஜன்னலுக்கு வெளியே நிலமும் மாறிவிடுகிறது. 'மெஷின்' என்ற தொழிற்சாலை ஊரில் கரியும் சேறும். கறுப்பு கெட்டியாக இருக்கிறது. ஊரைவிட்டுக் காட்டுக்குள் ஓடியபின் பூர்ச்ச மரங்களின் வெள்ளைத் தண்டுகளுக்கு நடுவே கறுப்பு கரைந்து எத்தனையோ சாம்பல்களாகிறது. அமெரிக்க மேற்கத்தியப் படங்களில் பெரிய வானமும் செம்பாறைகளும் பார்த்துப் பழகியவர்களுக்கு இந்தக் காடு நெருக்கடியாகத் தோன்றலாம். சாகப்போகிறவன் பார்க்கும் உலகம் அது. பிளேக்காக நடிக்கும் ஜானி டெப் போட்டிருக்கும் கட்டம் போட்ட சூட் படம் முன்னேற முன்னேற அழுக்காவதை, அந்தக் கட்டங்கள் மங்குவதைக்கூட முல்லரின் ஃபிலிம் விடாமல் காட்டுகிறது.

இடையில் ஆசியாவுக்கும் அவர் வந்திருக்கிறார். பீட்டர் பொக்டனோவிச்சின் 'செயின்ட் ஜாக்' 1978-இல் சிங்கப்பூரில் படமானது. விபச்சாரத் தரகன் ஒருவனின் கதை என்றால் அரசு அனுமதி கிடைக்காது என்பதால், 'ஜாக் ஆஃப் ஹார்ட்ஸ்' என்று பொய்ப் பெயரும் வேறொரு கதைச்சுருக்கமும் கொடுத்து எடுத்தார்கள். படம் சிங்கப்பூரில் தடை செய்யப்பட்டது. 2006-இல்தான் தடை நீங்கியது. இடிபட்டு மாறுவதற்கு முந்தைய அந்த நகரத்தின் தெருக்களும் கடைவீடுகளும் புழுக்கமான இரவுகளும் முல்லரின் ஃபிலிமில் இருக்கின்றன. பழைய சிங்கப்பூரில் உறவு உள்ள எந்தத் தமிழ்க் குடும்பமும் கதையை மறந்து பின்னணியை மட்டும் பார்க்கலாம்.

'பிரேக்கிங் த வேவ்ஸ்'க்கு வருவோம். வெளிச்சத்தின் எஜமானர் என்று பெயர் வாங்கிய ஒருவர், ஐம்பத்தைந்து வயதுக்கு மேல், அழகான சட்டகத்தையே தூக்கிப் போட்டார். நடிகர்கள் எங்கே நிற்க வேண்டும் என்று தரையில் குறி கிடையாது. எமிலி வாட்சன் எங்கே போனாலும் கேமரா பின்னால் போகும். ஃபோகஸ் தவறினால் தவறட்டும். எடுத்த ஃபிலிமை வீடியோவுக்கு மாற்றி மறுபடி ஃபிலிமுக்கே கொண்டுவந்ததால் நிறம் வெளுத்து, மணல்மணலாகத் தெரிகிறது. இத்தனைக்கும் இது அகலத்திரைப் படம். கடவுளிடம் தானே கேள்வி கேட்டுத் தானே பதில் சொல்லும் பெஸ் என்ற பெண்ணை இவ்வளவு பக்கத்தில் இருந்து பார்க்க, கேமராவும் அவளைப்போலவே அடுத்து என்ன நடக்கும் என்று தெரியாமல் இருக்க வேண்டியிருந்தது. அவள் சில தருணங்களில் நேராகக் கேமராவைப் பார்க்கிறாள். அந்தப் பார்வைகளுக்காகக் காத்திருங்கள். முல்லரின் துணிச்சலான படம் எது என்றால் இதைத்தான் சொல்ல வேண்டும்.

நான்கு வருடம் கழித்து வான் ட்ரையரோடு செய்த 'டான்ஸர் இன் த டார்க்' கான் விழாவில் தங்கப்பனை வென்றது. பாடல் காட்சிகளுக்கு நூறு டிஜிட்டல் கேமராக்களை நிலையாகப் பொருத்தினார்கள். ஆச்சரியமான ஏற்பாடுதான். ஆனால் அந்தப் பாடல்களில் ஒரு மனிதக் கண் எங்கே பார்க்கிறது என்று தெரியவில்லை. முல்லரைத் தேடுபவர்கள் அங்கே நேரம் செலவழிக்கத் தேவையில்லை.

வீட்டில் பார்ப்பவர்கள் முதலில் தொலைக்காட்சியின் அமைப்பை மாற்ற வேண்டும். கடையிலிருந்து வரும்போதே பல தொலைக்காட்சிகள் நிறங்களைத் தூக்கிக் காட்டும் நிலையில் இருக்கும். அதில் ட்யூப் லைட்டின் பச்சை காரமாகிவிடும், முகங்கள் பொம்மையாகிவிடும். 'சினிமா' அல்லது 'ஃபிலிம் மேக்கர்' நிலைக்கு மாற்றுங்கள். அசைவை வழுவழுப்பாக்கும் வசதியை அணைத்துவிடுங்கள். 'பிரேக்கிங் த வேவ்ஸ்' அதில் சீரியல் மாதிரி ஆகிவிடும். அறை விளக்கையும் அணையுங்கள். 'டெட் மேனி'ன் கறுப்புக்குள் இருக்கும் விவரங்கள் வெளிச்சமான கூடத்தில் தெரியவே தெரியாது. வெண்டர்ஸ் படங்கள் பலவும் நல்ல முறையில் புதுப்பிக்கப்பட்டுக் கிடைக்கின்றன. பழைய, வெளுத்துப்போன பிரதிகளைத் தவிர்ப்பது நல்லது.

எந்த வரிசையில் பார்ப்பது? 'பாரிஸ், டெக்சாஸ்' முதலில். அதன்பின் பத்து வருடம் பின்னால் போய் 'ஆலிஸ்'. மூன்றாவதாக 'டவுன் பை லா', சிரித்துக்கொண்டே பார்க்கலாம். அதற்குள் கண் பழகியிருக்கும். 'மிஸ்டரி ட்ரெய்ன்' (1989) போட்டு, மங்கிய மெம்ஃபிஸ் ஓட்டல் வரவேற்பறையில் ஸ்க்ரீமிங் ஜே ஹாக்கின்ஸின் சிவப்பு சூட் எப்படி எரிகிறது என்று பாருங்கள். பிறகு 'டெட் மேன்', 'பிரேக்கிங் த வேவ்ஸ்' இரண்டையும் ஒரே வாரத்தில். 'கிங்ஸ் ஆஃப் த ரோடை' ஒரு விடுமுறை நாளுக்கு ஒதுக்குங்கள், இடையில் நிறுத்தாமல். க்ளேர் பைமன் எடுத்த 'லிவிங் த லைட்' (2018) என்ற ஆவணப்படத்தைக் கடைசியாக வைத்துக்கொள்ளலாம். படப்பிடிப்புப் பயணங்களில் முல்லர் தனக்காக எடுத்த வீடியோக்களும் போலராய்டுகளும் அதில் இருக்கின்றன: ஓட்டல் அறைச் சுவரில் விழுந்த வெயில், மேசை விளக்கு, திரைச்சீலை, ஜன்னல். படங்களில் பார்த்த அதே கண் சம்பளம் இல்லாத நேரத்திலும் எதை உற்றுப் பார்த்துக்கொண்டிருந்தது என்பது அவற்றில் தெரியும்.